மேடத்தின் சிவப்பு வாளி

பாபடோயிட்டோய் என்ற புறநகரில், எங்கள் வீட்டுப் பின்வளவில், உடுப்புக் காயவிடும் கொடிக்குக் கீழே ஒரு சிவப்புப் பிளாஸ்டிக் வாளி கிடக்கிறது. கிளிப்புகள் போட வைத்திருக்கிறேன். பெரிய நடிகை ஒருவர் வருடக்கணக்காக அதற்குள்தான் வாந்தியெடுத்தார் என்று சொன்னால் மகள் அப்புறம் அதைத் தொடவும் மாட்டாள்.

நகரத்து நாடக அரங்கு ஒன்றில் நடிகர்களுக்கு உடை மாற்றிவிடுவது என் வேலை. அந்த நடிகையைக் கவனிக்கும் பொறுப்பு என்னுடையது. ஹங்கேரியில் பிறந்து, சிறுமியாகப் பெற்றோரோடு கப்பலேறி வந்தவர். நாங்கள் குடியேறிய இந்த நாட்டில் எல்லோரையும் பெயர் சொல்லித்தான் கூப்பிடுவார்கள். தாய் வயதுக்காரரைப் பெயர் சொல்ல எனக்கு வாய் வரவில்லை. மேடம் என்றேன், அது அவருக்குப் பிடித்துப்போயிற்று. அவருடைய உச்சரிப்புக்காகவே சினிமாவில் குறிசொல்பவள், உளவுக்காரி, அகதித் தாய் என்று வேடங்கள் கொடுத்தார்களாம். “படத்துக்குப் படம் நான் எங்கிருந்தோ வந்து இறங்கிக்கொண்டே இருந்தேன்” என்று சிரிப்பார். மேடையில்தான் அரசியானார், நீதிபதியானார், கடைசியில் பக்கத்து வீட்டுக்காரியும் ஆனார். அதைத்தான் தன் வாழ்நாளின் பெரிய வேடம் என்பார்.

அத்தனை காலம் நடித்தவருக்கு ஒவ்வொரு முறையும் அப்படி ஒரு பயம்! கை ஐஸாகிவிடும். உதடு வெளிறும். “எனக்கு ஒரு வரியும் ஞாபகமில்லை, ஓடிவிடுவோமா?” என்று என் மணிக்கட்டை நெரிப்பார். நான் வாளியை நீட்டுவேன். வாயைத் துடைத்துக்கொண்டு, முதுகை நிமிர்த்தி வெளிச்சத்துக்குள் போய்விடுவார். அதன் பிறகு ஒரு சொல் பிசகாது. முதல் நாள் நான் அழுதேவிட்டேன். “வாளி பிடிக்கிறதுக்கும் சம்பளம் தருகினமோ?” என்று என் கணவர் பகிடி பண்ணினார். “ஓம், அதுதான் அங்க பெரிய உத்தியோகம்” என்றேன். மேடம் மட்டும் பகிடியாகச் சொல்லவில்லை: “பயம் வராத நாளில் என்னை மேடைக்கு விடாதே. அன்று அங்கே போவது நானாக இருக்காது.”

ஒரு ஞாயிற்றுக்கிழமைப் பகல் காட்சி. நான் வாளியோடு நிற்கிறேன். மேடம் கண்ணாடி முன்னால் உட்கார்ந்து தோட்டைத் திருகிக்கொண்டிருக்கிறார். கையைத் தொட்டேன். இளஞ்சூடாக இருந்தது. “வாளி?” என்றேன். “எதற்கு?” என்றார். வெளியே ஆட்கள் வந்து அமரும் சத்தம் கேட்டது. அவர் என்னைப் பார்த்து, கலியாண வீட்டுக்கு வந்த விருந்தாளியைப்போல, இனிமையாகக் கேட்டார்: “இன்றைக்கு யார் நடிக்கிறார்கள்?”

கடவுளே! அவரிடமிருந்த பயமெல்லாம் என் மேல் வந்து ஏறிக்கொண்டது. வாய் திறந்தால் அவருடைய நடிப்பு வாழ்க்கை இன்றோடு முடிந்தது. மூடிக்கொண்டிருந்தால் அத்தனை பேர் முன்னால் வெறுமனே நின்றுவிடுவார். மேடைப் பொறுப்பாளரிடம் ஓடிச் சொன்னேன். காட்சி நின்றது. மேடம் கோட்டை மாட்டிக்கொண்டு, நாடகம் நன்றாக இருந்தது என்று என்னிடம் சொல்லிவிட்டுப் போனார். வாளியை நான் வீட்டுக்குக் கொண்டுவந்தேன்.

இப்போது வெஸ்ட்கேட் பக்கம் ஒரு முதியோர் இல்லத்தில் இருக்கிறார். ஞாயிறுகளில் போய்ப் பார்க்கிறேன். எதற்கும் பயப்படுவதில்லை, யாரையும் அடையாளம் காண்பதுமில்லை. அந்த அமைதியைப் பார்க்கத்தான் எனக்குக் குலை நடுங்குகிறது. திரும்பி வரும்போது காருக்குள், எனக்கு எதற்கெல்லாம் பயம் என்று எண்ணிப் பார்ப்பேன். வீட்டுக் கடன் மோர்ட்கேஜ், மகளின் பரீட்சை, கணவரின் பிரஷர். எல்லாம் இருக்கிறது என்றதும் ஆறுதலாக இருக்கும்.

போன வாரம் அங்கே பள்ளிக்கூடப் பிள்ளைகள் பாட வந்தார்கள். கூடத்தில் கதிரைகளை வரிசையாகப் போட்டார்கள். ஆட்கள் வந்து உட்காரத் தொடங்கியதும் மேடம் என் மணிக்கட்டைப் பற்றினார். கை ஐஸாக இருந்தது. உதடு வெளிறிப்போயிற்று. “ஒரு வரியும் ஞாபகமில்லை” என்றார். “வாளி எங்கே?”

ஐயோ, வாளிக்கு நான் எங்கே போவேன்? கைப்பையைக் கவிழ்த்துக் கொட்டிவிட்டு அதை நீட்டினேன். அழுதுகொண்டே நீட்டினேன். அவர் வாயைத் துடைத்துக்கொண்டார், முதுகை நிமிர்த்தினார். பிள்ளைகள் பாட ஆரம்பித்ததும் கை மெல்ல மெல்லச் சூடானது, முகமும் பழையபடி அமைதியானது.

இன்று காலை கிளிப்புகளைப் புல்லில் கொட்டிவிட்டு, வாளியைக் கழுவிக் காரில் வைத்தேன். “வாளி வாட் ஃபோர், மம்?” என்றாள் மகள்.

“மேடத்துக்குப் பயம் திரும்பி வந்திருக்கு, பிள்ளை” என்றேன். “வந்தால் வாளி பிடிக்க ஆள் வேணும்.”