அம்மனுக்கு முதுகு காட்டிய மேடை

ஊர்க் கலையரங்கத்தைக் கடக்கும்போதெல்லாம் வெள்ளத்துரைக்கு வயிறு எரியும். பங்குனிப் பொங்கலுக்கு நாடகம் போடுவதே அம்மன் பார்ப்பதற்குத்தான். மேடை கோயிலைப் பார்த்து இருக்க வேண்டும். திருச்சுழிப் பக்கம் பச்சைப்பிள்ளைக்கும் தெரிந்த சங்கதி. ஆனால் பணம் கொடுத்தவர் பெயர் பஸ்ஸில் போகிறவர்கள் கண்ணில் படவேண்டுமென்று ரோட்டைப் பார்த்துக் கட்டிவிட்டார்கள். அம்மனுக்கு மேடையின் பின்சுவர்தான் மிச்சம்.

அஸ்திவாரத்துக்கு வானம் தோண்டும்போதே அவர் சத்தம் போட்டார். "அஞ்சாப்பு தாண்டாத ஆளு இஞ்சினியருக்குப் பாடம் எடுக்குறாரு" என்று சிரித்தார்கள். அதற்குப் பிறகு அந்த மேடையில் ஒரு நாடகமும் ஏறவில்லை. வெள்ளத்துரை வீம்புக்கென்றே தன் மிளகாய் வத்தலை, வெயில் விழும் அதன் முன்பக்கத்தில் காயப்போட்டார். கேட்டவர்களிடம், "வேற எதுக்கு ஆகும் இது?" என்பார்.

பலசரக்குக் கடைக்காரர் மகள் தங்கச்செல்வி புதுச்சேரிக்குப் போய் நாடகம் படித்துவிட்டு வந்தவள். பெண் பார்க்க வந்தவர்கள் அந்தப் படிப்பைக் கேட்டதும் பாதிக் காப்பியோடு எழுந்து போனதாகப் பேச்சு. அவள் அசரவில்லை. பகலில் கடையில் பருப்பு நிறுப்பாள். சாயங்காலம் மில் வேனில் வந்து இறங்கும் பெண்களைக் கூட்டி, ஊருணி வெட்டிய கதையைப் பாட்டு நாடகமாகப் பழக்கினாள். கதை முழுக்கப் பாட்டிலேயே ஓடும்.

பொங்கல் நெருங்கியபோது ஊர்க்கூட்டத்தில் தங்கச்செல்வி மேடை கேட்டாள். தலைவர் சண்முகவேல் கையை விரித்தார். "அம்மனுக்கு முதுகைக் காட்டி எப்படித்தா ஆடுவீக? கச்சேரி வச்சுக்கிருவோம்."

மேடை கட்டும்போது சிரித்தவர்களில் அவரும் ஒருவர். வெள்ளத்துரை துண்டை உதறிக்கொண்டு எழுந்து வந்துவிட்டார்.

மறுநாள் அவர் வத்தலைக் கிளறிக்கொண்டிருந்தபோது தங்கச்செல்வி மேடையேறினாள். ஏறிய வேகத்தில் தும்மினாள்.

"சித்தப்பா, கட்டும்போதே நீங்க சொன்னீகளாமே."

"சொன்னேன். எவன் கேட்டான்?"

"கிரேக்க நாட்டுல அந்தக் காலத்துலயே சாமியத் தூக்கியாந்து வச்சுத்தான் நாடகம் நடத்திருக்காக. சாமியும் பாக்கணும்னு."

வெள்ளத்துரை கிளறுவதை நிறுத்தினார். "அந்த நாட்டுக்காரனுக்குத் தெரிஞ்சது இவனுகளுக்குத் தெரியல பாரு."

அவள் பின்சுவரைத் தட்டிப் பார்த்தாள். "இது கூரையத் தாங்குதா?"

"தூணுதான் தாங்குது. இது சும்மா செங்கல் அடைப்பு."

"அப்ப இதை எடுத்துட்டு ரோட்டுப் பக்கம் படுதாவக் கட்டினா? கோயில் பொட்டல்ல சனம் ஒக்காரட்டும். பேரு எழுதுனது ரோட்டப் பாத்தே இருக்கட்டும், யாருக்கும் கோவம் வராது. மேடை திரும்பிரும்ல?"

வெள்ளத்துரை சுவரைப் பார்த்தார், கோயிலைப் பார்த்தார். இத்தனை வருசமும் மேடையைத் திட்டினாரே தவிர, அதைத் திருப்பலாம் என்று அவருக்குத் தோன்றியதே இல்லை. தன்மேலேயே வந்த எரிச்சலில், "இம்புட்டு மூளைய வச்சுக்கிட்டு நீ எதுக்குத்தா பருப்பு நிறுத்துக்கிட்டு கெடக்க?" என்றார்.

அடுத்த கூட்டத்தில் அவரே எழுந்து பேசினார். பூசாரி சந்தோசமாகத் தலையாட்டினார். பெயருக்குப் பங்கம் இல்லை என்றதும் சண்முகவேலும் சரியென்றார். "ஆனா கூரையில கீறல் விழுந்தா நீங்கதான் பொறுப்பு, வெள்ளத்துரை."

"விழுந்தா என் தலையில விழட்டும்."

வத்தலை ஓர் ஓரமாக ஒதுக்கிவிட்டு, கடப்பாரையை அவரே பிடித்தார். மில் பெண்கள் செங்கல்லைக் கைமாற்றி அடுக்கினார்கள். கடைசி வரிசை சரிந்ததும் வெள்ளத்துரை போய்க் கோயில் வாசலில் உட்கார்ந்து பார்த்தார். கண்ணுக்கு நேராக மேடை திறந்து கிடந்தது. தங்கச்செல்வி அதன் நடுவில் நின்று ஊருணிப் பாட்டில் ஓரடி பாடினாள். சொல் சொல்லாகக் கேட்டது. மற்ற பெண்களும் சேர்ந்தார்கள். இரண்டாவது அடியில் ஒருத்தி தும்ம, வரிசையாக எல்லோரும் தும்மிச் சிரித்தார்கள்.

தங்கச்செல்வி மூக்கைத் துடைத்துக்கொண்டு மேடை விளிம்புக்கு வந்தாள்.

"சித்தப்பா, நாளைக்கு ஒத்திகை. ஒங்க வத்தலை அள்ளிக்கிட்டு மேடையக் கழுவி விட்ருங்க."