ஏறுமுகம் எழுதிய மகசூல்

அந்த வேளாண் அலுவலகத்தின் பின்னறையில் எண்ணெய் வித்துகளின் மகசூலைப் பதிவு செய்யும் எழுத்தர் ஒருவர் இருந்தார். பத்தொன்பது வருடங்களாக அவர் கையில் நிலக்கடலை ஒருமுறைகூடத் தோற்றதில்லை. மழை வந்தாலும் மூன்று சதவீதம் கூடும், வராவிட்டாலும் கூடும். சுவரில் அவர் ஒட்டிய வரைபடத்தில் கோடு ஏறிக்கொண்டே போய், இடம் போதாமல் மேலே இன்னொரு தாளை ஒட்ட வேண்டியதாயிற்று. அலுவலகத்தில் அவருக்கு ‘ஏறுமுகம்’ என்று பெயர். அதைப் பாராட்டாக எடுத்துக்கொள்ளும் பெருந்தன்மை அவருக்கு இருந்தது.

விதிமுறை எளியது. குலுக்கலில் விழுந்த வயல்களுக்குப் போய், ஐந்து மீட்டருக்கு ஐந்து மீட்டர் கயிறு கட்டி, உள்ளே உள்ள செடிகளைப் பிடுங்கி, காயை உலர்த்தி எடை போட வேண்டும். ஏறுமுகம் அந்தக் கயிற்றை மிகவும் மதித்தார். வெயில் படாமல் பீரோவிலேயே வைத்திருந்தார். போன வருடத்து எண்ணோடு மூன்று சதவீதம் சேர்த்து, நம்பும்படி இருக்கட்டும் என்று புள்ளி வைத்து இரண்டு இலக்கமும் போடுவார்.

மற்ற எழுத்தர்கள் கன்னாபின்னாவென்று எழுதுவது அவரை வருத்தியது. போன வருடத்தைவிடப் பத்து சதவீதத்துக்கு மேல் மாறும் எண்ணைக் கணினி ஏற்கக் கூடாது என்று தலைமை அலுவலகத்துக்கு யோசனை எழுதினார். ஏற்றுக்கொண்டு சான்றிதழும் அனுப்பினார்கள்.

மழை பொய்த்த ஒரு வருடம் அவருடைய அக்கா வந்து நின்றார். அக்கா வீட்டுக்காரருக்கு நான்கு ஏக்கர் மானாவாரிக் கடலை.

“தம்பி, செடியைப் பிடுங்கினா வேர்தான் வருது. விதைக்குக்கூட மிஞ்சல.”

“எங்க பதிவுல நல்லா இருக்கேக்கா.”

“உன் பதிவை அடுப்புல போடு. மகசூல் பாதிக்குக் கீழ விழுந்தா இலவசமா விதை தருவோம்னு உன் ஆபீஸ் வாசல்லதானே ஒட்டியிருக்கு? ஒரு தடவை வந்து பாருடா. விதை இல்லன்னா வெளியூர் வேலைக்குப் போறேன்னு உன் மாமா பையை எடுத்து வெச்சிட்டார்.”

ஏறுமுகம் குடையோடு போனார். குனிந்து முதல் செடியைப் பிடுங்கினார்.

“மச்சான், அது களை,” என்றார் மாமா. “கடலை இந்தப் பக்கம்.”

கயிறு கட்டிப் பிடுங்கி, உலர்த்தி எடை போட்டதில் எழுநூறு கிராம் நின்றது. வழக்கமாக அவர் எழுதுவது ஐந்து கிலோ. குலுக்கலில் விழுந்த வயல்களுக்கும் கயிற்றோடு போனார்; அவையும் அதையே சொல்லின. வாழ்க்கையில் முதல்முறையாக உண்மையைத் தட்டச்சு செய்தார். கணினி சிவப்பு காட்டியது. ஏழு முறை முயன்றுவிட்டுத் தலைமை அலுவலகத்துக்குப் போன் போட்டார்.

“போன வருஷத்தோட ஒத்துப் போகலையே. தப்பா எடை போட்டிருப்பீங்க,” என்றார் அதிகாரி.

“நானே நேர்ல போய்ப் போட்டேன் சார்.”

“அப்போ இத்தனை வருஷம் போகாமலா போட்டீங்க?”

ஆமாம் என்றால் வேலை போகும், இல்லை என்றால் விதை போகும். விதை போனது. ஒன்பது புள்ளி ஒன்பது சதவீதக் குறைவு என்று மாற்றி எழுதினார். கணினி பச்சை காட்டியது.

“உன் காகிதத்துல விளைஞ்சதை ரெண்டு மூட்டை கட்டி அனுப்புடா, விதைக்கு ஆகும்,” என்று சொல்லிவிட்டு அக்கா போனார். மாமா பையோடு பஸ் ஏறினார்.

அடுத்த வருடம் பயத்தில் ஏறுமுகம் ஒழுங்காகக் கயிறு கட்டினார். மானாவாரி நிலங்களில் யாரும் விதைக்கவில்லை. கிணற்றுப் பாசன வயல்கள் மட்டுமே நின்றன. ஆகவே ஏக்கருக்கு மகசூல், போன வருடம் அவர் எழுதியதைவிட நிஜமாகவே ஒன்பது சதவீதம் கூடியிருந்தது. மொத்த உற்பத்தி பாதியாகக் குறைந்ததற்கு வேறு படிவம். அது வேறு அறையில் இருந்தது.

வரைபடத்தில் கோட்டை மறுபடி மேல்நோக்கி இழுத்துவிட்டு, அக்காவுக்குப் போன் செய்தார்.

“நிலம் எப்படிக்கா இருக்கு?”

“தரிசா கிடக்கு. அதையும் ஏறுமுகம்னு எழுதிக்கோ.”

எழுதியாகிவிட்டது என்று சொல்ல அவருக்கு வாய் வரவில்லை.