அப்பாவுக்குச் சொன்ன சரி

கோர்ட்டுக்குப் பக்கத்து டைப்பிங் கடையில் பெனிட்டா எனக்கு அடுத்த நாற்காலி. பகலெல்லாம் பத்திரம் அடிப்பாள். ஞாயிற்றுக்கிழமையில் எங்காவது மேடை கிடைத்தால், ஒரே ஆளாக நின்று ஒரு மணி நேரத்தில் ஐந்து பேராக மாறிக் காட்டுவாள். மீன் விற்கிறவள், பங்குச் சாமியார், டீக்கடைக்காரர் என்று யாராகவும் ஆவாள். ஒப்பனை கிடையாது, ஒரு துண்டு போதும். தோளை லேசாக இறக்கினால் ஆளே வேறு. எனக்குப் பொறாமைதான், மறைப்பானேன்? நான் நானாக இருக்கவே எனக்கு நேரம் போதவில்லை.

பக்கத்துக் கருக்களாச்சேரி மேடையில் அவள் ஒரு குடிகாரனைச் செய்தாள். மறுநாள் யாரோ அவள் புருஷன் நெல்சனிடம், "உன்னையத்தானே செஞ்சுது?" என்று கேட்டுத் தொலைத்தார்கள். நெல்சன் குடிக்கமாட்டான், கோபம் மட்டும் மூக்கு நுனியில். இனிமேல் மேடையே வேண்டாம் என்று சொல்லிவிட்டான். அந்த வாரம் பார்த்தா புதுச்சேரி கலைவிழாவிலிருந்து அழைப்பு வர வேண்டும்? அவளை வெளியூரில் கூப்பிட்டது அதுதான் முதல் தடவை.

ஞாயிற்றுக்கிழமை மாதாகோயில் பூசை முடிந்து அவர்கள் வீட்டுக்குப் போய் நானும் நெல்சனிடம் சொல்லிப் பார்த்தேன். வேலைக்கு ஆகவில்லை. பெனிட்டா உள்ளே போய் மாமனாரின் தொப்பியைத் தலையில் வைத்துக்கொண்டு வந்தாள். மாமனார் சந்தனசாமி பிரெஞ்சுப் பட்டாளத்து பென்ஷன்காரர், இறந்து இரண்டு வருஷமாகிறது. எதைச் சொன்னாலும் "போன்" என்றுதான் தொடங்குவார். பிரெஞ்சில் 'சரி' மாதிரியாம். புதிதாக வந்தவர்கள் சட்டைப்பையில் செல்லைத் தேடுவார்கள்.

அவள் நாற்காலியில் உட்கார்ந்து அவரைப் போலவே வலது காலை நீட்டிக்கொண்டாள். குரல் அப்படியே அவர் குரல்.

"போன்... நெல்சா, அந்தப் பொண்ணு போயிட்டு வரட்டும்டா."

நெல்சன் எழுந்து நின்றான். "சரிப்பா" என்றான்.

சொன்ன பிறகுதான் யாரிடம் சொன்னோம் என்று அவனுக்கு உறைத்தது. துண்டால் முகத்தை மூடிக்கொண்டு அழுதான்.

வெளியே வந்ததும், காரியம் பழம்தான், பையைக் கட்டு என்றேன். அவள் முகம் தெளியவில்லை.

"அந்தச் சரி அவங்க அப்பாவுக்குச் சொன்னது, செல்விக்கா. எனக்கில்ல."

திருடிவிட்ட மாதிரி இருக்கிறதாம். நன்றாகத் திட்டினேன். ஊரார் வாயையெல்லாம் இரவல் வாங்கத் தெரிந்தவள், தன் வாயைத் திறக்கப் பயப்படுகிறாளே என்று ஆத்திரமாக வந்தது.

சனிக்கிழமை காலை அவளைப் பஸ் ஏற்றிவிடப் போனேன். வாசலில் நெல்சன் பேப்பர் பார்த்துக்கொண்டிருந்தான். கடைத்தெருவுக்குப் போவதானாலும் "போகட்டுமாங்க?" என்று அவனிடம் கேட்டுவிட்டுத்தான் அவள் செருப்பில் கால் வைப்பாள். அன்றைக்குச் செருப்பை முதலில் போட்டுக்கொண்டாள்.

"போயிட்டு வர்றேங்க" என்றாள்.

அவன் பேப்பரை இறக்கி அவளை ஏற இறங்கப் பார்த்தான். "இது யாரு குரலு?" என்று கேட்டான்.

"என்னோடதுதாங்க" என்று சொல்லிவிட்டு அவள் படியிறங்கினாள்.