மணியண்ணனுக்குக் கோப்பி

மலேசியாவில் குருண் பக்கம் ஒரு தொழிற்சாலையில் ஷிப்ட் வேலை பார்க்கும் விக்னேஸ்வரனுக்கு ஓய்வு நாளில் ஓய்வு கிடையாது. எழுபது வருஷத்துக்கு முன் வெள்ளைக்கார அரசுக்கும் காட்டுக்குள்ளிருந்த கம்யூனிஸ்டுகளுக்கும் நடந்த அவசரகாலச் சண்டையில் துப்பாக்கி தூக்கிய சாதாரணத் தோட்டத்து ஆட்களின் கதைகளைக் கைப்பேசியில் பதிவு செய்துகொண்டு அலைவான். தோட்டத்தைக் காவல் காத்த ஸ்பெஷல் கான்ஸ்டபிளும் நம் ஆள், காட்டுக்குள்ளிருந்து அவனைச் சுட்டவர்களிலும் நம் ஆள் உண்டு, நமக்குள்ளேயே அடித்துக்கொண்ட சண்டை அது என்பது அவன் கட்சி.

பாவம், அந்தச் சாதாரண ஆள்தான் அகப்படவில்லை. எந்த வீட்டில் கேட்டாலும் தாத்தா தனியாளாக ஒரு படையையே விரட்டியிருக்கிறார். காட்டுக்குப் போனவர் மட்டும் எந்த வீட்டிலும் இல்லை. எதிரியே இல்லாத சண்டையில் எல்லோரும் ஜெயித்திருக்கிறார்கள்.

கடைசியில், கல்யாணமாகிப் பெண்டாங் வந்து அங்கேயே தங்கிவிட்ட பிச்சையம்மாளைப் பிடித்தான். அவருடைய அண்ணன் மணியம் செர்டாங் பக்கத் தோட்டத்தில் ரப்பர் மரத்தில் பால் வெட்டியவர். கான்ஸ்டபிள் ஆனதே காலுக்குச் சப்பாத்து கிடைக்கும் என்றுதான். ஒரு சண்டையும் போடவில்லை. மழைக்கு ஒதுங்கி நின்றவரை யாரோ சுட்டுவிட்டார்கள். தோட்டத்து ஓரத்திலேயே புதைத்து ஒரு கல்லை நட்டார்கள். கேட்டுக்கொண்டிருந்த விக்னேஸ்வரனுக்குக் கண் கலங்கிவிட்டது. இப்படி ஒருவரைத்தானே இத்தனை நாளும் தேடினான்!

கல்லைப் பார்க்கப் போனால், அது பட்டாளத்து முனி கோயிலாகி நிற்கிறது. லாரிக்காரர்கள் வண்டியை நிறுத்தி, சுருட்டும் கருப்பு பீரும் படைத்துவிட்டுப் போகிறார்கள்.

அதைக் கேட்டுப் பிச்சையம்மாள் பதறினார். "சுருட்டா? அண்ணனுக்கு அந்தப் பொகையே ஆவாதே தம்பி. பால் ஊத்தாத கோப்பி ஓவும் பிஸ்கட்டும்தான் உசுரு. நான் கண்ண மூடறதுக்குள்ள ஒரு தடவ பேரு சொல்லிக் கூப்புட்டு, கோப்பி வெச்சுட்டு வந்தா போதும்."

விக்னேஸ்வரன் கோயில் தலைவர் மனோகரனிடம் போய் எல்லாவற்றையும் விளக்கினான். பதிவைப் போட்டுக் காட்டினான். மணியத்தின் பழைய போட்டோவையும் நீட்டினான்.

"அண்ணே, மழைக்கு ஒதுங்குன ஆளுகிட்ட லாரிக்காரன் எப்படிண்ணே பாதுகாப்பு கேப்பான்? சரித்திரத்த புக்குல போடுங்க லா, படையல்ல கை வெக்காதீங்க" என்றார் தலைவர்.

விக்னேஸ்வரன் கார்வரைக்கும் போய்விட்டுத் திரும்பி வந்தான். "அந்தம்மா கனவுல முனி வந்து கோப்பி கேட்டாராம்."

மனோகரன் நாற்காலியை விட்டே எழுந்துவிட்டார். "இத மொதல்லயே சொல்றதுக்கு என்னண்ணே! ஞாயித்துக்கெழம கூட்டிட்டு வாங்க."

இத்தனை ஆதாரம் காட்டியும் வாசலைத் தாண்டாத உண்மை, ஒரே ஒரு பொய்யில் உள்ளே போய்விட்டது. சரித்திரக்காரனுக்கு வெட்கமாகத்தான் இருந்தது. ஆனாலும் ஞாயிற்றுக்கிழமை அவரைக் கூட்டிக்கொண்டு போனான்.

கூட்டம் விலகி வழிவிட்டது. பிச்சையம்மாள் பிளாஸ்க்கைத் திறந்து கோப்பியை ஊற்றி, பிஸ்கட்டோடு கல்லின் முன் வைத்தார்.

"மணியண்ணே, ஆறிடப்போவுது, குடி. அம்மா சாவற வரைக்கும் ஒனக்குத் தனியா சோறு எடுத்து வெச்சுச்சு. நீதான் வரல." சொல்லும்போதே அவர் உடம்பு குலுங்கியது. தேம்பித் தேம்பி அழுதார்.

"அருள் வந்திருச்சு!" என்று யாரோ கத்தினார்கள். மேளம் உச்சத்துக்குப் போனது. மனோகரன் ஓடிவந்து அவர் காலில் விழுந்தார். "மணியண்ணே, காப்பாத்துண்ணே!" என்று கூட்டமே கூப்பிட்டது.

"அவரோட தங்கச்சிங்க இவங்க. அண்ணன நெனச்சு அழுவறாங்க, வேற ஒண்ணுமில்ல" என்று விக்னேஸ்வரன் சொல்லிப் பார்த்தான்.

பக்கத்தில் நின்ற லாரிக்காரர் அவன் தோளைப் பிடித்து அழுத்தினார். "மொதல்ல கும்புடுங்கண்ணே."

விக்னேஸ்வரனும் மண்டியிட்டான். அழுகையை அடக்க முடியாமல், "மணியண்ணே" என்று அவனும் கூப்பிட்டான்.