பின்கதவு ஓரத்து இடம்

ஏலக்காய்த் தோட்டத்துக்கு ஆள் ஏற்றிப் போகிற ஜீப்பில் யாருக்கு எந்த இடம் என்று யாரும் எழுதி ஒட்டுவதில்லை. ஆனாலும் அது மாறாது. டிரைவருக்குப் பின்னால் உள்மூலை, பல வருடமாக வேலைக்கு வருகிற பெண்களுக்கு. அவர்களை ஒட்டி அவர்களுக்கு வேண்டியவர்கள். பின்கதவு ஓரம், புதிதாக வேலைக்கு வருகிறவர்களுக்கு. அங்கே உட்கார்ந்தால் மலைப்பாதையில் ஒவ்வொரு வளைவும் ஆளை வெளியே தள்ளும். படுதாக் கயிற்றைப் பிடித்துக்கொண்டேதான் போக வேண்டும்.

பிள்ளைகளா, அடுத்தவர் துன்பத்தைத் தன் துன்பமாக நினைப்பது பற்றிக் கட்டுரை எழுதச் சொன்னார்கள் என்று ஒரு உதாரணம் கேட்டீர்கள். எனக்கு ஒன்றுதான் ஞாபகத்துக்கு வந்தது. அது கட்டுரைக்கு ஆகாது என்று சொல்லிவிட்டேன். எட்டாவது வரை படித்தவன் நான், சுற்றி வளைத்துச் சொல்ல வராது. நடந்ததை நடந்தபடியே எழுதுகிறேன். பேர் மட்டும் எழுதவில்லை. பெரியவர்களானதும் படியுங்கள்.

அந்த ஜீப்பில் உள்மூலை இடத்துக்காரி ஒரு அக்கா. வயதில் மூத்த எனக்குமே அவர் அக்காதான், எல்லாரும் கூப்பிடுகிறார்கள் என்று நானும் அப்படியே கூப்பிட்டேன். அவருடைய வீட்டுக்காரர் வாழைத்தார் வெட்டப் போகிறவர். இரண்டு பெண் பிள்ளைகள். ஜீப்பை ஓட்டியவன் அடுத்த தெருத் தம்பி. அவன் ஜீப் முன்னால் போகும், என் ஜீப் பின்னால் போகும். தினமும் விடிவதற்கு முன்பே கம்பம் டவுனிலிருந்து மலைக்கு மேலே ஏறுவோம்.

அன்றைக்கும் அக்கா தூக்குவாளியோடு கடைசியாகத்தான் வந்தார். அவன் ஆரனை அமுக்கினான்.

"ஏலே, எதுக்குடா இந்த அமுக்கு அமுக்குற? உன் மாமனார் வீட்டுக் கல்யாணத்துக்கா கூட்டிட்டுப் போற?"

"நீங்க ஏறலேன்னா மேல போயி நானா காய் எடுக்குறது?"

"எடுத்துப் பாரேன். மத்தியானத்துக்குள்ள இடுப்பைப் பிடிச்சுக்கிட்டு ஆத்தான்னு கத்துவ."

ஜீப்பே சிரித்தது. அந்தச் சிரிப்பு என் காதில் இருக்கும்போதே, மேலே ஒரு வளைவில் திரும்பினால், அவன் ஜீப் பக்கவாட்டில் சாய்ந்து கிடக்கிறது. பனிமூட்டம். ஓரத்து மண் ஈரத்தில் இளகிப் பின்சக்கரம் இறங்கியிருக்கிறது. எனக்கு முதலில் கண்ணில் பட்டது ஆட்கள் இல்லை. சோறு. தூக்குவாளிகள் திறந்து ரோடெல்லாம் வெள்ளையாகச் சிதறிக் கிடந்தது. இது என்ன, ரோட்டில் ஏன் இவ்வளவு சோறு என்றுதான் நினைத்தேன். புத்தி அங்கேயே நின்றுவிட்டது. அதற்குப் பிறகுதான் அழுகைச் சத்தம் காதில் விழுந்தது.

அடிபட்டவர்களை என் ஜீப்பில் ஏற்றினோம். அக்கா மட்டும் பின்கதவு வழியாக வீசப்பட்டு ரோட்டுக்குக் கீழே புதருக்குள் கிடந்தார். டிரைவர் தம்பி இறங்கி அவர் தலையை மடியில் வைத்திருந்தான். "நீங்க இவுகளக் கொண்டு போங்கண்ணே, நான் இருக்கேன்" என்று கத்தினான். நான் கீழே ஆஸ்பத்திரியில் இறக்கிவிட்டுத் திரும்பி வந்தபோது, அவன் அதே இடத்தில் அதே மாதிரி உட்கார்ந்திருந்தான். அக்கா போயிருந்தார்.

பிறகு கேதவீடு. அந்த வீட்டில் அடுப்பு எரியவில்லை, சொந்தக்காரர் வீடுகளிலிருந்து சோறு வந்தது. ஊரே வந்தது. வந்த பெண்கள் அந்த இரண்டு பிள்ளைகளையும் கட்டிக்கொண்டு அழுதார்கள். அவரவர் வீட்டில் செத்தவர்களை நினைத்தும் சேர்த்து அழுதார்கள். அழுகை பொய் இல்லை. நானும் அழுதேன்.

ஆனால் அவருடைய வீட்டுக்காரர் அழவில்லை. பந்தலில் உட்கார்ந்து, அந்த ஜீப்பில் போன பெண் யார் வந்தாலும் ஒரே கேள்வியைக் கேட்டார்.

"அவ உள்மூலையிலதான உட்காருவா? பின்கதவு வழியா எப்படி விழுந்தா?"

"அந்த நேரத்துல யாருக்கு என்னண்ணே தெரியுது? கண்ணை மூடி முழிக்கிறதுக்குள்ள போயிட்டாக. அவுகளுக்கு வலியே தெரியாது."

"அதைக் கேக்கல. எப்படி விழுந்தா?"

"விதிண்ணே. உங்க வேதனை எங்களுக்குத் தெரியாதா?"

"தெரியுதுல்ல? அப்பச் சொல்லுங்களேன்."

முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு அவர்கள் உள்ளே போய்விடுவார்கள். அத்தனை பேரும் ஒரே வார்த்தையை, கண்ணை மூடி முழிக்கிறதுக்குள்ள என்பதை, அப்படியே சொன்னார்கள். எனக்கு அப்போது அது வித்தியாசமாகப் படவில்லை. பாவம், பயத்தில் எல்லாருக்கும் ஒன்றுதான் தோன்றியிருக்கும் என்று விட்டுவிட்டேன். என்னையும் கேட்டார். நான் அந்த ஜீப்பில் இல்லையே தம்பி என்றேன்.

அந்த நாட்களில் என்னை ஆச்சரியப்படுத்தியது ஒரு பெண். கல்யாணமாகிப் புதிதாக நம் தெருவுக்கு வந்து, புதிதாக ஜீப்பிலும் ஏறியவள். அவளுக்கும் கையில் எலும்பு முறிவு, கட்டுப் போட்டிருந்தது. மற்றக் கையால் அந்த வீட்டில் பாத்திரம் கழுவினாள், வாசல் கூட்டினாள், பிள்ளைகளுக்குத் தலை வாரினாள். சொந்தக்காரிகளைவிட அதிகமாக அழுதாள். இந்தக் காலத்தில் இப்படியும் ஒரு பெண்ணா என்று உங்கள் அம்மாவிடம் பெருமையாகச் சொன்னேன்.

கருமாதி முடிந்த மறுநாள், அக்காவின் வீட்டுக்காரர் ஜீப் ஸ்டாண்டுக்கு வந்தார். இடுப்பில் வாழைத்தார் வெட்டுகிற அருவாள்.

"அண்ணே, அவன் சின்னமனூர்ல மாமனார் வீட்டுல இருக்கானாம்ல. கூட்டிட்டுப் போங்க."

டிரைவர் தம்பியைப் போலீஸ் பிடித்து, ஜாமீனில் விட்டிருந்தார்கள். ஊருக்குள் வர முகமில்லாமல் அங்கே இருந்தான்.

"எதுக்கு தம்பி?"

"கூட ஆள் ஏத்தணும்னு அவன்தான் அவளைப் பின்னாடி தள்ளி உட்கார வச்சிருக்கான். இல்லேன்னா அவ ஏன் அங்கன போறா? நான் எத்தனை தடவ சொல்லிருக்கேன், உள்ள உட்காரு உள்ள உட்காருன்னு."

"அருவாளை வச்சிட்டு வா" என்றேன்.

"வேலைக்குப் போற சாமான்ணே இது. நீங்க வரலேன்னா பஸ்ஸுல போறேன்."

அவர் தனியாகப் போவதைவிட நான் கூட இருப்பது மேல் என்று கிளம்பினேன். வண்டியில் ஏறியதும் அருவாளை அவரே உருவி சீட்டுக்கு அடியில் போட்டார்.

சின்னமனூரில் அவனைப் பார்த்ததும் அடையாளமே தெரியவில்லை. தாடி, குழி விழுந்த கண். அவரைக் கண்டதும் ஓடி வந்து காலில் விழுந்தான். அவர் காலை இழுத்துக்கொண்டார்.

"கால்ல விழுகாத. எந்திரி. கேட்டதுக்குப் பதில் சொல்லு. நீயா அவளைப் பின்னாடி உட்கார வச்ச?"

"இல்ல மாமா."

"பின்ன?"

அவன் என்னைப் பார்த்தான். "சொல்லக் கூடாதுன்னு ஆஸ்பத்திரியிலயே எல்லாரும் எங்கிட்டச் சத்தியம் வாங்கிட்டாக. உங்க மனசு தாங்காதுன்னு."

"எம் மனசை நான் பார்த்துக்கிறேன்."

"அந்தப் புதுப்பிள்ளைக்கு ஏறுன வளைவுல இருந்தே வாந்தி. பின்னாடி உட்கார்ந்து தலை சுத்துதுன்னு அழுதுச்சு. அக்காதான், நீ இங்கன வா ஆத்தா, நான் அங்கன போறேன்னு எந்திரிச்சுப் போயி மாறி உட்கார்ந்தாக. அதுக்கு அடுத்த வளைவு மாமா."

ஒற்றைக் கையால் பாத்திரம் கழுவியவள் கண்முன் வந்தாள். அந்த ஜீப்பில் போன அத்தனை பேருக்கும் இது தெரியும். இவருக்கு இரங்கி, அவளுக்கும் இரங்கி, எல்லாருமாகச் சேர்ந்து ஒரு வார்த்தையை ஒப்பித்திருக்கிறார்கள். ஒரு மனுஷன் நாள் முழுக்கக் கேட்டுக்கொண்டே இருந்தாரே, அவர் கேட்டதை மட்டும் யாரும் கொடுக்கவில்லை.

அவர் சுவரைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்தார். உள்ளே இருந்து அந்த வீட்டு அம்மா கொண்டு வந்த தண்ணீரை வாங்கவில்லை.

"வலிச்சுச்சா அவளுக்கு?"

இல்லை என்று சொல்லிவிடுடா என்று என் மனசு அடித்துக்கொண்டது.

"வலிச்சுச்சு மாமா."

"தண்ணி கேட்டாளா?"

"கேட்டாக. குடுத்தேன். உள்ள போகல."

"பேசுனாளா?"

அவன் அழ ஆரம்பித்தான். "பேசுனாக. நான் எடம் மாறி உட்கார்ந்ததை அவுககிட்டச் சொல்லிராதடா, வைவாகன்னு சொன்னாக."

நான் எழுந்து நின்றுவிட்டேன். சாகப் போகிற நேரத்தில் ஒரு மனுஷிக்கு இருந்த பயம் இதுவா? அதை இவரிடமே சொல்கிறானே, இவன் மனுஷனா என்று கைகூட ஓங்கினேன். அவர் என் கையைப் பிடித்து இறக்கினார்.

"நீ என்னடா சொன்ன?"

"சொல்லமாட்டேன்க்கான்னேன்."

அவர் தொண்டையிலிருந்து ஒரு சத்தம் வந்தது. சிரிப்பா என்னவென்று எனக்கு இன்றுவரை தெரியாது. "வஞ்சுக்கிட்டேதான் இருந்தேன். ஆமா. ஊருக்கெல்லாம் எரங்கியே நீ ஒரு நாள் போயிருவன்னு வைவேன்." பிறகு, "முதல்ல இருந்து சொல்லு. அவ வந்து ஏறுனதுல இருந்து" என்றார். அவன் ஆரனிலிருந்து ஆரம்பித்தான். கல்யாணம், இடுப்பு, ஆத்தா என்று அக்கா கேலி பேசியது வந்தபோதுதான் அவர் அழுதார். அதுவரை அவர் அழுது நான் பார்த்ததில்லை.

திரும்பி வரும்போது வாழைத்தோப்புப் பக்கம் வண்டியை நிறுத்தச் சொன்னார்.

"அண்ணே, எனக்குத் தெரியும்னு அந்தப் பிள்ளைகிட்டச் சொல்லிராதீக."

"பாவம்னு விடுறியா தம்பி?"

"பாவம்னெல்லாம் தோணல. அவ மூஞ்சிய நினைச்சாலே எரியுது. ஆனா எம் பொண்டாட்டி குடுத்த எடம்ணே அது. நான் எப்படித் திருப்பிக் கேக்குறது?"

ஊர் முழுக்க அவருக்காக உருகினோம். உருகி உருகி, அவரை ஒரு பச்சைப் பிள்ளை மாதிரி ஆக்கி ஓரத்தில் உட்கார வைத்தோம். நாம் அவராக இருந்தால் இதைத் தாங்கமாட்டோம் என்று நினைத்தோம். ஆனால் அங்கே உட்கார்ந்திருந்தது நாம் இல்லையே, அவர். அந்தப் பெண்ணிடத்தில் அவருக்கு ஒரு சொட்டு இரக்கம் இல்லை. அவள் சோறு கொண்டு வந்தால் கொல்லைப்பக்கமாக வெளியே போய்விடுவார். ஊரில் அவருக்குக் கல்மனசு என்று பேர் வந்தது. இரக்கமே தோன்றாத மனசை வைத்துக்கொண்டு அவர் அவளுக்குச் செய்ததை, அழுத நாங்கள் யாரும் யாருக்கும் செய்யவில்லை. இதைக் கட்டுரையில் எப்படி எழுதச் சொல்வேன்?

ஒரு வருடம் கழித்து அந்தப் பெண்ணும் அவள் வீட்டுக்காரனும் திருப்பூருக்குக் குடிபோனார்கள். பெட்டி, பாத்திரத்தை என் ஜீப்பில் ஏற்றிவிட்டு, அவள் கைக்குழந்தையோடு அக்கா வீட்டுப் பிள்ளைகளிடம் சொல்லிக்கொள்ளப் போனாள். நானும் கூடப் போனேன். அவர் வாசலிலேயே சைக்கிளைத் துடைத்துக்கொண்டிருந்தார். அன்று அவர் கொல்லைப்பக்கம் போகவில்லை.

"போயிட்டு வாறேண்ணே" என்றாள், தலையைக் குனிந்துகொண்டு.

"பஸ்ஸுல முன்னாடி சீட்டா பார்த்து உட்காரு" என்றார், சைக்கிளைப் பார்த்துக்கொண்டே. "உனக்கு வாந்தி வரும்."

அவள் சட்டென்று என்னைப் பார்த்தாள். நான் சொல்லவில்லை என்று தலையை ஆட்டினேன். அதற்குள் அவர் துணியை உதறிவிட்டு உள்ளே போய்விட்டார்.

அவர்களைப் பஸ் ஸ்டாண்டில் இறக்கினேன். பஸ்ஸில் டிரைவருக்குப் பின் சீட் காலியாகத்தான் இருந்தது. அவள் வீட்டுக்காரன் துண்டைப் போட்டு இடம் பிடித்து, "உட்காரு, பிள்ளைய வச்சுக்கிட்டு ஏன் நிக்கிற?" என்று சத்தம் போட்டான். கம்பியைப் பிடித்துக்கொண்டு அந்தச் சீட்டையே பார்த்தபடி நின்றாள். நான் கீழே நின்று ஜன்னல் வழியாகப் பார்த்துக்கொண்டிருந்தேன். பஸ் நகர்ந்து, ஸ்டாண்டைத் தாண்டித் திரும்பும்போதுதான் உட்கார்ந்தாள்.