ஐந்தருவியில் ஒரு ரோஸ் ஜிப்பா

அந்தக் காலத்துச் சினிமாவில் எல்லாம் கறுப்பு வெள்ளையாகத் தெரிந்ததால், உடைகளையும் கறுப்பிலும் வெள்ளையிலும்தான் தைப்பார்கள் என்று நம்பிக்கொண்டிருந்தேன். அப்போது நான் சின்னப்பிள்ளை இல்லை. தென்காசியில் தையல் கடை வைத்து, பெண் பார்க்கத் தொடங்கியிருந்த ஆள். குற்றாலத்துக்குப் படம் பிடிக்க வந்த கம்பெனியின் உடை மாஸ்டர் உதவிக்கு ஆள் தேடுகிறார் என்று கேள்விப்பட்டு, கறுப்புத் துணி ஒரு மூட்டை, வெள்ளைத் துணி ஒரு மூட்டை கட்டிக்கொண்டு போய் நின்றேன். மனுஷன் சிரித்த சிரிப்பில் வெற்றிலைச் சாறு என் சட்டையில் தெறித்தது.

பிறகு அவரே விளக்கினார். சுத்த வெள்ளை கேமராவில் கூசும். அதனால் கதாநாயகனின் ஜிப்பாவைத் தேயிலைத் தண்ணீரில் முக்கி மங்கலாக்குவார்கள். சுத்தக் கறுப்பில் மடிப்பு தெரியாது. அதனால் கதாநாயகியின் தாவணிக்கு அடர் சிவப்பு.

"அருவி சீன் தாவணிக்கு நீ சாயம் போடு. சரியா வந்தா மெட்ராஸுக்குக் கூட்டிட்டுப் போறேன்" என்றார். அந்த நிமிஷமே நான் மனதுக்குள் ரயில் ஏறிவிட்டேன்.

சாயம் பிடிக்க உப்புப் போட்டுக் கொதிக்க வைக்க வேண்டும். சாரலில் விறகெல்லாம் ஈரம். ஊதி ஊதி என் கண்தான் சிவந்தது. கடைசியில் கொதிக்காத பச்சைத் தண்ணீரிலேயே சாயத்தைக் கரைத்து, தாவணியை முக்கிக் காயப்போட்டேன். பார்க்க ஜோராக இருந்தது.

ஐந்தருவியில் கதாநாயகி நனைந்தார். கதாநாயகன் ஓடிப்போய்த் தாங்கிக்கொண்டார். விலகியபோது அவர் ஜிப்பாவின் மார்பெல்லாம் சிவப்புத் திட்டு. கோழி அறுத்தவர் மாதிரி நின்றார். பாதிக் காட்சி பாக்கி. மாற்று ஜிப்பாவும் கிடையாது.

நான் பாறைக்குப் பின்னால் பாய்ந்தேன். அங்கே ஒரு குரங்கு இடம் பிடித்திருந்தது. அது பல்லைக் காட்டியதும் வெளியே பாய்ந்தேன்.

"எங்கய்யா அந்தச் சாயக்காரன்?" என்று மாஸ்டர் கத்தினார்.

வாயில் வந்ததை உளறினேன். "கோவப்படாதிய அண்ணாச்சி! தாவணியைப் பிழிஞ்ச தண்ணியிலயே ஜிப்பா முழுசையும் முக்கிருவோமா? திட்டுத் தெரியாதுல்லா?"

அடி விழும் என்று கண்ணை இறுக மூடினேன். விழவில்லை. திறந்து பார்த்தால், மாஸ்டரும் கேமராக்காரரும் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

"வெளிறின ரோஸ் கேமராவுக்கு வெள்ளை மாதிரிதான்யா" என்றார் கேமராக்காரர்.

கதாநாயகன் முரண்டு பிடித்தார், கெஞ்ச வைத்தார், ஒருவழியாக, முக்கி எடுத்த ரோஸ் ஜிப்பாவைப் போட்டுக்கொண்டு வந்தார். குளிக்க வந்த கூட்டம் பாறை மேல் ஏறிவிட்டது.

"ஏலே, இங்கன பாருலே! சமைஞ்ச பிள்ள கணக்கா ரோஸ்ல வருதாரு!"

"சும்மா கெடலே. பொண்ணைத் தொட்ட வெக்கத்துல சட்டையும் சேந்து செவந்துட்டு!"

சிரிப்பை அடக்க நான் துண்டை வாயில் திணித்துக்கொண்டேன்.

மீதிக் காட்சியை எடுத்து முடித்தார்கள். திரையில் ஜிப்பா வெள்ளையாகத்தான் தெரிந்தது. மாஸ்டர் சொன்னபடி என்னை மெட்ராஸுக்குக் கூட்டிப்போய் வேலையில் சேர்த்துக்கொண்டார். சாயம் போடும் வேலையை மட்டும் வேறு ஆளுக்குக் கொடுத்துவிட்டார்.