ஐஸ் விழாத தவமணி

தவமணியின் மேல் ஐஸ் விழுந்தது 1992ஆம் ஆண்டு மார்ச் மாதம், ஒரு வியாழக்கிழமை பின்னேரம். டோர்செட் பார்க்கில் வீட்டுக்குப் பக்கத்துக் கடைத்தொகுதியில் மீன் வாங்கிக்கொண்டு வெளியே வந்தாள். நல்ல வெயில். மாரி முழுக்கக் கூரையில் இறுகிக் கிடந்த ஐஸ் பாளம் ஒன்று அந்த வெயிலுக்கு இளகி, கதவளவில் வழுக்கி வந்து அவளுடைய வலது தோளிலும் முதுகிலும் விழுந்தது. கூரையைத் துப்புரவாக்கச் சொல்லி மூன்று கடைக்காரர்கள் கடிதம் போட்டிருந்தார்களாம். சொந்தக்காரன் காதில் போட்டுக்கொள்ளவில்லை. அந்த மாதிரி ஆளுக்கெல்லாம் வழக்கு வந்தால்தானே காது திறக்கும்!

அதற்கு முன் அவள் இருந்த இருப்பைச் சொல்ல வேண்டும். கோண்டாவில்காரி. கணவர் ஜெயரட்ணத்தோடு எண்பத்தேழில் இந்தப் பனி நாட்டுக்கு வந்து, சென் ஜேம்ஸ் ரவுணில் ஓர் அறைக்குள் ஏழு பேரோடு படுத்தெழும்பி, பிறகு மாடிக் கட்டடம் ஒன்றில் தனி வீடு பார்த்துக்கொண்டு ஸ்காபரோவுக்கு வந்தவள். பிள்ளைகள் இல்லை. கை ஓயாது. பாண் சுடுகிற பேக்டரியில் மற்றவர்கள் இரண்டு தட்டு நிரப்புகிற நேரத்தில் இவள் மூன்று நிரப்புவாள். பின்னேரம் நாலு பத்துக்குக் கதவுப் பூட்டில் திறப்புத் திரும்பும். அவள் வரமுன்னமே பாண் மணம் வீட்டுக்குள் வந்துவிடும்.

ஐஸ் விழுந்த பிறகு எல்லாம் போயிற்று. கை தோளுக்கு மேல் எழும்பாது. பத்து நிமிடம் நின்றால் முதுகு இறுகிக்கொள்ளும். ஜெயரட்ணம் பகலில் ஒரு ரெஸ்ரோரண்டில் கோப்பை கழுவி, விடியப்புறம் பேப்பர் போட்டு, அந்தக் காசில் வாடகை கட்டினார். ஆஸ்பத்திரிக் கட்டிலில் கிடந்தபோது தவமணி பிள்ளையாரோடு ஒரு பேச்சுப் பேசியிருந்தாள். முந்தின மாதிரி என்னை எழுப்பிவிடு, தேரன்றைக்கு உன் வீதியில் அடி அழிக்கிறேன். ஆண்கள் தேருக்குப் பின்னால் உருண்டு பிரதட்டை பண்ணுவார்கள். பெண்கள் அடிக்கு அடி விழுந்து கும்பிட்டு, எழும்பி, திரும்ப விழுந்து போவார்கள். அதைத்தான் அவள் நேர்ந்தாள். பிள்ளையார் எழுப்பவில்லை. நேர்த்தி அப்படியே கிடந்தது.

வழக்குப் பேச ஒரு வெள்ளைக்காரச் சட்டத்தரணி கிடைத்தார். அவருடைய கந்தோரில் வேலை செய்த மன்னார்ப் பிள்ளை றோஸ்மேரிதான் எல்லாவற்றையும் தமிழில் சொல்லுவாள். நட்டஈடு என்றால் என்ன கணக்கில் தருவார்கள் என்று தவமணி கேட்டாள். கை ஒன்றுக்கு இவ்வளவு, முதுகுக்கு இவ்வளவு என்று விலை இருக்கும் என்றுதான் அவள் நினைத்திருந்தாள்.

"அப்பிடி இல்லை அக்கா," என்றாள் றோஸ்மேரி. "ஒருத்தி நீங்கள். மற்றவ ஐஸ் விழாத தவமணி. அவ இண்டைக்கு எங்க நிண்டிருப்பா, நீங்கள் எங்க நிக்கிறியள்? அந்த ரெண்டுக்கும் இடையில உள்ளதுதான் காசு. நோவுக்கு வேறயாத் தருவினம்."

பிறகு கணக்குப் பார்க்கிற ஒருவர் பன்னிரண்டு பக்கத்தில் அறிக்கை எழுதினார். றோஸ்மேரி அதை வரிக்கு வரி வாசித்துச் சொன்னாள். ஐஸ் விழாத தவமணி தொண்ணூற்றாறில் சுப்பவைசர் ஆகிறாள். அறுபத்தைந்து வயது வரைக்கும் வேலைக்குப் போகிறாள். கிழமைக்குப் பதினெட்டு மணித்தியாலம் வீட்டு வேலை செய்கிறாள், அரிசி மூட்டை தூக்குகிறாள், பஸ்ஸுக்கு ஓடுகிறாள். தவமணிக்கு மேல் கூசியது. இல்லாத ஒருத்திக்கு இவ்வளவு விபரமா?

அடுத்த நாள் பின்னேரம் நாலு பத்துக்குக் கதவில் திறப்புத் திரும்பிற்று.

ஜெயரட்ணம் வேலையில் நின்றார். தவமணி சுவரைப் பிடித்துப் பிடித்துப் போய்க் கதவைத் திறந்தாள். நடைபாதையில் ஒருவரும் இல்லை. சுடச்சுடப் பாண் மணம் மட்டும் நின்றது. அவள் கதவைச் சாத்திச் சங்கிலியைப் போட்டாள். அதற்கடுத்த நாளும் நாலு பத்து. அதற்கடுத்த நாளும்.

ஒருநாள் வாசலில் ஜெயரட்ணம் வைத்துவிட்டுப் போன அரிசி மூட்டை, அவர் திரும்பி வரும்போது குசினிக்குள் இருந்தது. நாற்பது இறாத்தல் மூட்டை. அவர் அதையும் பார்த்தார், மனைவியையும் பார்த்தார்.

"உதை நீரே தூக்கினனீர்?"

"எனக்கு விசரே? நான் என்னண்டு தூக்கிறது?"

அன்றைக்குப் பிறகு, அவள் முனகும்போது அவர் பார்க்கிற பார்வை மாறிவிட்டது. கட்டின மனுசனே சந்தேகப்பட்டால் வேறு யாரிடம் போய்ச் சொல்லுவது? தவமணி ஒருவரிடமும் சொல்லவில்லை. பயமும் எத்தனை நாளைக்குத்தான் இருக்கும்! நாலு மணியானால் கதவுச் சங்கிலியைக் கழற்றிவிடப் பழகிக்கொண்டாள். வருகிறவள் வெளியே நிற்கக்கூடாதல்லவா?

தொண்ணூற்றுநாலு ஆவணியில் தேர். கோயில் என்றால் பழைய பண்டகசாலைக் கட்டடம். வாகனம் நிறுத்துகிற தார்த்தரைதான் வீதி. சும்மா தூர நின்று கும்பிட்டுவிட்டு வரலாம் என்று தவமணி பச்சைக்கரை போட்ட மஞ்சள் சேலையை எடுத்துக் கட்டிலில் விரித்துவைத்துவிட்டுக் குளிக்கப் போனாள். குளியலறையில் முதுகு பூட்டிக்கொண்டது. அம்புலன்ஸ் வந்து ஏற்றிக்கொண்டு போயிற்று. காலை ஏழரையிலிருந்து பின்னேரம் மூன்று மணிவரை அவசரப் பிரிவில் கிடந்தாள். திரும்பி வந்து பார்த்தால், விரித்த சேலை மடித்து அலுமாரிக்குள் இருந்தது. மடித்தது ஜெயரட்ணம் என்று அவள் எண்ணினாள். அவரோ அவளோடு ஆஸ்பத்திரியில் நின்றவர். அந்த யோசனையை அவள் மனம் கிட்ட விடவில்லை.

அடுத்த வைகாசியில் சமரசப் பேச்சுக்குக் கூப்பிட்டார்கள். ஒரு நீள மேசை. எதிர்ப்பக்கம் கடைத்தொகுதிச் சொந்தக்காரனின் காப்புறுதிக் கம்பனியுடைய சட்டத்தரணி. மனிதர் ரீவியில் ஒரு கசற்றைப் போட்டார். தவமணியை உளவு பார்க்க ஆள் வைத்திருந்திருக்கிறார்கள், பாவிகள்!

தேர். கற்பூரப் புகை. தண்ணீர் ஊற்றிய தார்த்தரையில் பச்சைக்கரை மஞ்சள் சேலையோடு ஒரு பெண் அடி அழித்துக்கொண்டு போனாள். முழங்கால் குத்தினாள், நெற்றி தரையில் பட விழுந்தாள், ஒரு கையும் ஊன்றாமல் துள்ளி எழும்பினாள். இடது கையால் சேலைக் கொய்யகத்தை ஒதுக்கினாள். தவமணி ஒதுக்குகிற அதே ஒதுக்கல். ஒரு முறை படம் பிடிக்கிறவனை நேரே திரும்பிப் பார்த்தாள். முகத்தில் ஒரு நோவும் இல்லை. கண்ணாடியில் கூடத் தவமணி அந்த முகத்தைப் பார்த்து மூன்று வருடம்.

திரையின் மூலையில் திகதியும், காலை பத்து இருபது என்று நேரமும் நின்றன.

இது நீங்களா என்று எதிர்ச் சட்டத்தரணி கேட்டார். ஓம் என்றால் மூன்று வருட நோவும் பொய்யாகிவிடும், ஒரு சதமும் வராது, ஜெயரட்ணம் சாகும்வரை கோப்பை கழுவ வேண்டும். ஜெயரட்ணம் பக்கத்தில் இருந்து திரையையே பார்த்துக்கொண்டிருந்தார்.

தவமணி மெல்லச் சொன்னாள். "அது நானில்லை."

சொன்ன கையோடு அழுகை வந்துவிட்டது. றோஸ்மேரி திகதியைப் பார்த்துவிட்டுக் கோவையைப் புரட்டி ஆஸ்பத்திரிக் கடுதாசியை எடுத்துப் போட்டாள். அந்தத் திகதி, அந்த நேரம், இந்தப் பெண் அவசரப் பிரிவுக் கட்டிலில். எதிர்ச் சட்டத்தரணியின் முகம் சிவந்தது. ஆள் மாறிவிட்டது, மன்னிக்க வேண்டும் என்றார். எங்கட ஆக்களை உவையளுக்குப் பிரிச்சுத் தெரியாது அக்கா என்று றோஸ்மேரி காதுக்குள் சொல்லிச் சிரித்தாள். வெட்கக்கேட்டில் அவர்கள் தொகையைக் கூட்டித் தந்தார்கள். பின்னேரத்துக்குள் முடிந்துவிட்டது.

கையெழுத்துக்கு முன் றோஸ்மேரி கடைசிக் கடுதாசியை வாசித்துச் சொன்னாள். "இதோட எல்லாம் தீந்துது அக்கா. ஐஸ் விழாத தவமணிக்கு வரவேண்டியதெல்லாம் தந்து முடிச்சாச்சு. இனி அவவின்ர பேரில ஒண்டும் கேக்கேலாது. விளங்குதே?"

விளங்கிற்று. பேனையைப் பிடித்தபடி கனநேரம் இருந்தாள். எல்லாரும் கை நோகிறதாக்கும் என்று நினைத்தார்கள். பிறகு கையெழுத்து வைத்தாள்.

அடுத்த நாள் ஜெயரட்ணம் வேலைக்குப் போகவில்லை. மூன்று வருடத்துக்குப் பிறகு ஒரு பகல் நித்திரை. தவமணி அலுமாரியைத் திறந்து மஞ்சள் சேலையை எடுத்து விரித்தாள். முழங்கால் படுகிற இடத்தில் இரண்டு வட்டமாகத் தார் கறுத்துக் கிடந்தது. அதில் பொடிக்கல் ஒட்டியிருந்தது. நேர்த்தி தீர்ந்திருக்கிறது. எழும்பினவள் தீர்த்துவிட்டாள்.

நாலு மணிக்குச் சங்கிலியைக் கழற்றிவிட்டுக் கதவுக்கு முன்னால் கதிரை போட்டு இருந்தாள். நாலு பத்தாயிற்று. நாலேகாலாயிற்று. நடைபாதையில் யாரோ வெங்காயம் வதக்குகிற மணம்தான் வந்தது. நாலரைக்கு ஜெயரட்ணம் கண்ணைக் கசக்கிக்கொண்டு எழும்பி வந்தார்.

"என்னப்பா, சங்கிலியைக் கழட்டிப்போட்டு இருக்கிறீர்? ஆரும் வரப்போயினமே?"

"இல்லை," என்றாள் தவமணி. "இனி அவள் வரமாட்டாள். நான் கையெழுத்து வைச்சிட்டன்."